கலி 512, இடபம் 10, திங்கட்கிழமை

திருகோணமலைப் பட்டினத்திலிருந்து கோணேசர் கோயிலுக்குப் போகிறவர் யாரும் பிரெட்ரிக் கோட்டையின் வாசலைத் தாண்டாமல் போக முடியாது. உள்ளே இராணுவ முகாம், மர நிழல்களில் படுத்திருக்கும் புள்ளிமான்கள், ஏற்றத்தில் அர்ச்சனைத் தட்டும் சங்குமாலையும் விற்கும் கடைகள், உச்சியில் கோயில், அதற்கப்பால் செங்குத்தாகக் கடலில் இறங்கும் பாறை. அந்தக் கோட்டை வாசற்கல்லில் கயல் வடிவங்களும் சிதைந்துபோன சில தமிழ் வரிகளும் உள்ளன. முச்சக்கர வண்டியிலும் பஸ்ஸிலும் வருகிறவர்களில் இறங்கிப் பார்ப்பவர் சிலரே. இறங்கியவருக்கும் அங்கே முழு வாக்கியம் கிடைப்பதில்லை. குளக்கோட்டன் என்று கொள்ளத்தக்க சில எழுத்துகள், திருப்பணி, பறங்கி. அவ்வளவுதான். மிச்சத்தை ஊர் தன் வாயால் நிரப்பி வைத்திருக்கிறது.

அந்த ஊர்வாய்க்குப் பின்னால் ஓர் ஏட்டு நூல் இருக்கிறது. கவிராசவரோதயன் பாடியதாக வழங்கும் ‘கோணேசர் கல்வெட்டு’. பெயர்தான் கல்வெட்டு, கல்லில் வெட்டியதல்ல. பாட்டும் உரைநடையுமாக ஓலையில் எழுதி வந்தது. சோழநாட்டு வரராமதேவனின் மகன் குளக்கோட்டன் கடல் கடந்து வந்து கோணமலையில் கோயில் எடுத்ததும், கோபுரமும் மண்டபமும் பாவநாசத் தீர்த்தமும் அமைத்ததும், கந்தளாயில் குளம் கட்டியதும், கோயிற் பணிக்கு ஆட்களைக் கொண்டுவந்து குடியேற்றியதும் அதில் வருகின்றன. திருப்பணி எப்போது தொடங்கிற்று என்பதற்கும் அதில் கணக்கு உண்டு: கலி பிறந்து 512 ஆண்டு கழிந்தபின், இடப மாதம், அதாவது வைகாசி, பத்தாந் தேதி, திங்கட்கிழமை.

கலியுகம் கி.மு. 3102 பெப்ரவரியில் தொடங்கியதாகக் கணக்கு. அதில் 512ஐக் கழித்தால் கி.மு. 2590. எகிப்தில் கீசாவின் பெரும் பிரமிட் எழுந்த காலத்தை ஒட்டியது. சிந்துவெளியில் அரப்பாவும் மொகஞ்சதாரோவும் நகரங்களாகத் திரண்டுகொண்டிருந்த காலம். அப்போது ஒரு சோழ இளவரசன் கோணமலையில் கோபுரத்துக்கு நாள் பார்த்தான் என்கிறது ஏடு.

இந்த இடத்தில் வாசகர்கள் இரண்டு கட்சியாகப் பிரிவார்கள். ஒரு கட்சி இந்த எண்ணைத் தூக்கிக்கொண்டு, மகாவம்சத்துக்கும் இரண்டாயிரம் ஆண்டு முந்தியவர்கள் நாங்கள் என்று மேடையேறும். மற்றக் கட்சி, புராணப் புளுகு என்று ஏட்டை மூடிவிடும். இரண்டு பேரும் அந்தத் தேதியைத் தேதியாக எடுத்துக்கொண்டு ஏமாறுகிறார்கள் என்பது என் எண்ணம். அது ஓர் உறுதியின் தலைப்பில் இடும் திகதி. உறுதி என்று ஈழத்தில் நாம் காணிப் பத்திரத்தைச் சொல்வோமே, அந்த உறுதி.

முதலில் எண்ணையே பார்ப்போம். கலி ஆண்டு என்ற அளவுகோல் கி.மு. 2590இல் எவர் கையிலும் இருந்ததில்லை. ஆரியபட்டர் தமக்கு இருபத்துமூன்று வயதானபோது கலியில் 3600 ஆண்டுகள் கழிந்திருந்தன என்று கணக்குச் சொல்கிறார். அது கி.பி. 499. கோள்கள் எல்லாம் மேடத்தின் தொடக்கத்தில் கூடி நிற்க வேண்டிய ஒரு தொடக்கப் புள்ளியைத் தேடி, வானியலார் பின்னோக்கி நடந்து கண்டுபிடித்த நாள்தான் 3102. கல்லில் அந்தக் கணக்கு எடுப்பாகத் தெரிவது கி.பி. 634இல், இரண்டாம் புலிகேசியின் ஐகொளெக் கல்வெட்டில்: பாரதப் போருக்குப் பின் 3735 ஆண்டு, சக ஆண்டு 556. அதாவது கலியுகமே பின்னிருந்து முன்னோக்கிக் கட்டிய ஒரு சகாப்தம். திங்கட்கிழமையும் அப்படித்தான். ஏழு நாள் வாரம் இந்தியாவுக்கு மேற்கிலிருந்து வந்த சரக்கு. கிழமை சொல்லும் மிக முந்தைய இந்தியக் கல்வெட்டாகக் காட்டப்படும் எரண் கல்வெட்டு கி.பி. 484ஐச் சேர்ந்தது. குளக்கோட்டன் நாள் பார்த்த காலத்தில் பார்ப்பதற்குத் திங்கட்கிழமையே இல்லை.

ஆனால் ஒன்று உறுத்தியது. பொய்யாகச் சொல்கிறவனுக்கு ஆண்டு போதும். மாதமும் தேதியும் கிழமையும் எதற்கு? தாளும் பேனாவும் எடுத்துக் கணக்கிட்டுப் பார்த்தேன். சித்தாந்த நூல்களின்படி கலி தொடங்கியது வெள்ளிக்கிழமை. சூரிய ஆண்டு ஒன்றுக்கு 365.2588 நாள் என வைத்து 512ஆல் பெருக்கினால் 187012 நாளும் ஏறத்தாழ அரை நாளும். சூரியனின் மெய்யான மேடப் பிரவேசம் சராசரிப் பிரவேசத்துக்கு இரண்டு நாளும் சொச்சமும் முந்துவதால் அதைக் கழிக்க வேண்டும். பிறகு மேட மாதத்தின் 31க்குச் சற்றுக் குறைந்த நாள்களைக் கூட்ட வேண்டும். இடபம் முதலாந் தேதி கலியின் 187041ஆம் நாளில் வந்து விழுகிறது. பத்தாந் தேதி 187050. ஏழால் வகுத்தால் மீதி மூன்று. வெள்ளியைப் பூச்சியமாக வைத்தால் சனி ஒன்று, ஞாயிறு இரண்டு, மூன்று திங்கள்.

கிழமை பொருந்துகிறது! 512ஐக் கழிந்த ஆண்டாகக் கொள்ளாமல் நடப்பு ஆண்டாகக் கொண்டால் பொருந்தவில்லை. ஏடோ கழிந்தபின் என்றே சொல்கிறது. ஏழில் ஒரு தடவை தற்செயலாகவே இப்படிப் பொருந்தும் என்பதையும் மறக்கக் கூடாது. ஆகையால் இதை வைத்து நான் கோபுரம் கட்டப் போவதில்லை. ஆயினும் யாழ்ப்பாண மன்னர் அவையில் ‘செகராசசேகரமாலை’ என்ற சோதிட நூல் எழுந்த தேசம் இது. வாக்கியப் பஞ்சாங்கம் கணிக்கத் தெரிந்த ஒருவருக்கு நாலாயிரம் ஆண்டுக்கு முந்திய நாளின் கிழமையைக் கண்டுபிடிப்பது ஓர் இரவு வேலை. அந்த வேலையை யாரோ செய்திருக்கிறார் என்றே எனக்குப் படுகிறது. கற்பனைச் சகாப்தத்துக்கும் கணக்குப் பிசகக் கூடாது என்று நினைத்த ஒருவர்.

காலத்தை இப்படி வடித்தெடுப்பது நம்மிடம் புதிதல்ல. இறையனார் களவியல் உரை மூன்று சங்கங்களுக்கும் 4440, 3700, 1850 என்று ஆண்டு கொடுக்கிறது. மூன்றும் 37ஆல் மீதியின்றி வகுபடும் எண்கள், கூட்டினால் 9990. யாரோ ஒருவர் உட்கார்ந்து அமைத்த எண்கள் என்பதற்கு வேறு சாட்சி வேண்டாம். அடுத்த வீட்டு மகாவம்சமும் இதற்கு விலக்கல்ல. விசயன் இலங்கையில் கால் வைத்த நாளைப் புத்தர் பரிநிர்வாணம் அடைந்த நாளோடு கட்டிப் போட்டார்கள். அங்கிருந்து அசோகர் காலத்துத் தேவநம்பியதீசன் வரைக்கும் இடைவெளியை நிரப்ப ஆட்கள் போதவில்லை. ஆகவே பண்டுகாபயன் முப்பத்தேழு வயதில் முடிசூடி எழுபது ஆண்டு ஆண்டான். அவன் மகன் மூத்தசிவன் அறுபது ஆண்டு ஆண்டான். அரசர்களின் ஆயுளை இழுத்துக் காலத்தின் கிழிசலைத் தைத்திருக்கிறார்கள். டோல்கீன் தம் கற்பனை உலகத்துக்கு யுகம் யுகமாக ஆண்டுப் பட்டியல் எழுதிப் பின்னிணைப்பாகச் சேர்த்தபோது அதைப் புதுமை என்று உலகம் வியந்தது. நமது ஏட்டுக்காரர்கள் சிரித்திருப்பார்கள். ஒரு வித்தியாசம் உண்டு: டோல்கீனின் பட்டியலை வைத்து எவரும் வயலுக்கு உரிமை கேட்கவில்லை.

கோணமலைக்குப் பழமை இரவல் வாங்க வேண்டிய தேவையும் இல்லை. ஏழாம் நூற்றாண்டில் திருஞானசம்பந்தர் இந்தத் தலத்துக்குப் பதிகம் பாடியிருக்கிறார். நிலாவெளியில் கிடைத்த சோழர்காலத் தமிழ்க் கல்வெட்டு கோணமலை மச்சகேசுவரத்து மகாதேவருக்கு 250 வேலி நிலம் விட்டதைச் சொல்கிறது. பட்டினத்துக்கு வடமேற்கே, பெரியகுளத்தருகே உள்ள வெல்கம் விகாரை சோழராட்சியில் இராசராசப் பெரும்பள்ளி என்று பெயர் பெற்று, தமிழில் கல்வெட்டுப் பெற்ற பௌத்தப் பள்ளி. பதின்மூன்றாம் நூற்றாண்டில் சடையவர்மன் வீரபாண்டியன் கோணமலையில் தன் இணைக்கயல் பொறித்ததைப் புதுக்கோட்டைச் சீமையின் குடுமியான்மலைக் கல்வெட்டு பெருமையாகச் சொல்கிறது. கோட்டை வாசலில் நாம் பார்க்கும் கயல்களை அந்தச் சொல்லோடு சேர்த்துப் படிப்பவர் பலர். இத்தனையும் கல்லில் இருக்க, ஏடு ஏன் கி.மு. 2590க்குப் போயிற்று?

குளக்கோட்டன் யார் என்று கேட்டால் விடைக்குப் பக்கத்தில் போகலாம். அது பெயரே அல்ல. குளமும் கோட்டமும் சேர்ந்த காரணப் பெயர். குளம் கட்டியவன், கோயில் கட்டியவன். குளம் என்றால் கந்தளாய். பாளி வரலாற்று நூல் கந்தளாயை ஏழாம் நூற்றாண்டின் இரண்டாம் அக்கபோதிக்குக் கொடுக்கிறது. தமிழ் ஏடு குளக்கோட்டனுக்கும், கடலில் பேழைக்குள் மிதந்து வந்து அரசியான ஆடகசவுந்தரிக்கும், அவள் ஏவிய பூதங்களுக்கும் கொடுக்கிறது. வண்டல் மண்ணைச் சுமந்தவர்களுக்கு இரண்டிலும் பெயர் இல்லை.

கோயில் கட்டியவன் பக்கம் வந்தால் 1945இல் கோட்டைக்குள் கிடைத்த ஒரு கல் இருக்கிறது. கிரந்த எழுத்தில், சமற்கிருதத்தில், சோடகங்கன் என்பவன் இலங்கைக்கு வந்து கோகர்ணத்தில், அதாவது கோணமலையில், ஏதோ செய்ததைச் சொல்லிப் பாதியில் உடைந்துபோகிற கல். அதிலும் காலம் இருக்கிறது. ஆண்டைச் சொற்குறியால் மறைத்து, இராசியும் நட்சத்திரமும் இலக்கினமும் சேர்த்துச் சொல்கிறது. விடுவித்தால் சக ஆண்டு 1145, கி.பி. 1223. கலிங்க மாகன் படையெடுத்து வந்து பொலன்னறுவையில் அமர்ந்த காலத்தை ஒட்டிய ஆண்டு. இந்தச் சோடகங்கனே குளக்கோட்டன் மரபின் மூலம் என்று பேராசிரியர் சி. பத்மநாதன் கருதுகிறார். அப்படியானால் நிகழ்ச்சிக்கும் ஏட்டுத் தேதிக்கும் இடையில் 3,800 ஆண்டு. இன்னொன்றும் சொல்ல வேண்டும். கயவாகு என்ற அரசன் கோயிலை அழிக்க வந்து, கண் குருடாகி, பின் கோணேசரை வேண்டிப் பார்வை பெற்றான், அதனால்தான் ஊருக்குக் கந்தளாய் என்று பெயர் என ஏடு ஒரு கதை சொல்கிறது. பெயர்க் காரணம் வழக்கமான சொல் விளையாட்டு. ஆனால் பன்னிரண்டாம் நூற்றாண்டின் இரண்டாம் கயவாகு முதலாம் பராக்கிரமபாகுவுக்கு நாட்டை விட்டுக்கொடுத்துவிட்டு இறுதிக்காலத்தைக் கழித்தது உண்மையாகவே கந்தளாயில்தான். ஏட்டுக்கு ஞாபகம் நன்றாகவே இருக்கிறது. ஆட்களும் இடங்களும் சரி. அவர்களைப் பின்னுக்குத் தள்ளி யுகத்தின் வாசலில் நிறுத்தியிருக்கிறது.

ஏன் என்பதற்கு ஏட்டின் பெரும்பகுதியைப் படிக்க வேண்டும். பலர் படிக்காமல் தாண்டும் பகுதி அது, கதை இல்லாத பகுதி. மதுரையிலிருந்து வந்த தனியுண்ணாப் பூபாலன் வன்னிபமாக இருந்து நியாயம் பார்க்க வேண்டும். மருங்கூரிலிருந்து வந்தவர்கள் தானத்தார். காரைக்காலைச் சேர்ந்தவர்கள் வரிப்பத்தார். யார் திறைசேரியைக் காக்க வேண்டும், யார் விளக்கேற்ற வேண்டும், யார் பூத்தொடுக்க வேண்டும், யார் நெல் குற்ற வேண்டும், எந்த வயல் எந்தப் பணிக்கு, தொழும்பு தவறினால் என்ன கேடு. திருகோணமலை, கட்டுக்குளம், கொட்டியாரம், தம்பலகாமம் என்ற நாலு பற்றுகளின் வேலைப் பங்கீடு அது. ஏடு ஒரே கையில் ஒரே காலத்தில் பிறந்ததில்லை என்பதும் வாசிக்கும்போதே தெரிகிறது. கணக்கு மாறும்போதெல்லாம் யாரோ ஓலை சேர்த்திருக்கிறார்கள். இந்த இடங்களில் நடை கவிராயருடையதல்ல, கணக்கப்பிள்ளையுடையது. எனக்கு ஏட்டில் மிகப் பிடித்த பகுதியும் இதுதான்.

இப்படிப் பங்கிட்ட உரிமைகளுக்கு என்ன ஆயிற்று என்பது தெரிந்த கதை. 1619இல் யாழ்ப்பாணம் போர்த்துக்கேயரிடம் விழுந்தது. அவர்களின் தளபதி கொன்ஸ்டன்டீனு த சா கோணேசர் கோயிலை இடித்தான். ஊர் மரபு 1622 சித்திரை வருடப்பிறப்பன்று என்று சொல்லும். சுவாமி ஊர்வலம் போயிருந்த நேரம் பார்த்து, பூசகர் வேடத்தில் பறங்கிகள் உள்ளே புகுந்தார்கள் என்று சொல்லும். வரலாற்றாசிரியர்கள் 1624ஐ ஒட்டி வைப்பார்கள். கோயிற் கற்கள் கோட்டைக்குப் போயின. வாசலில் எழுத்துக் கல் நிற்பது அதனால்தான். 1639இல் ஒல்லாந்தர் கோட்டையைப் பிடித்தார்கள். 1672இல் பிரெஞ்சுக் கப்பற்படை வந்து போயிற்று. 1782 ஒரே ஆண்டில் சனவரியில் ஆங்கிலேயர், ஓகஸ்டில் பிரெஞ்சுக்காரர் என்று கோட்டை கைமாறிற்று. பிறகு மீண்டும் ஒல்லாந்தர். 1795இல் ஆங்கிலேயர் வந்தார்கள், தங்கிவிட்டார்கள். கோயிலோ தம்பலகாமத்தில் ஆதிகோணநாயகராக மறுபடி உயிர் பிடித்தது. வயல்களும் குளத்துத் தண்ணீரும் இருந்த இடத்தில், கோட்டைப் பீரங்கி எட்டாத தொலைவில்.

அந்தத் தம்பலகாமத்தில் வயல் வைத்திருக்கும் ஓர் ஆளின் இடத்தில் நின்று பாருங்கள். அரசர் போய்விட்டார். கோயில் கடலுக்குள். புதிதாக வந்திருக்கும் கொமாண்டர் ஊர் ஊராகப் போய் நிலத்தை விசாரிக்கிறார். 1786இல் வான் சென்டன் என்ற ஒல்லாந்த அதிகாரி இப்படிச் சுற்றி எழுதிய நாட்குறிப்பு இருக்கிறது. இந்த வயல் உனக்கு எப்படி வந்தது என்று அவர் கேட்டால் என்ன சொல்வது? சோழன் கொடுத்தான் என்றால் பாண்டியன் அதற்குப் பின் வந்தானே என்பார்கள். பாண்டியன் என்றால் கண்டி மன்னன் என்பார்கள். எந்த அரசனின் பெயரைச் சொன்னாலும் அவனுக்குப் பின்னே இன்னோர் அரசன் உண்டு. கலி 512க்கு முன்னே யாரும் போக முடியாது. கலியைத் தாண்டினால் துவாபர யுகம்; அங்கே மனிதருக்கு நிலப் பத்திரம் இல்லை. ஏட்டுக்காரர் தேடியது மிகப் பழைய ஆண்டை அல்ல, எதிர்வழக்குப் போட முடியாத ஆண்டை. போட்ட ஆண்டுக்கு மாதமும் தேதியும் கிழமையும் வேண்டும், ஏனென்றால் அது கதையல்ல, பத்திரம்.

கல்வெட்டு என்ற சொல் இங்கே இன்னொரு பொருளிலும் வழங்குகிறது. ஈழத்தில் ஒருவர் இறந்து முப்பத்தோராம் நாள், அந்தியேட்டிக்குப் பின் வீட்டுக் கிருத்தியத்தில் அச்சிட்டுக் கொடுக்கும் நினைவு மலருக்கும் கல்வெட்டு என்றே பெயர். அதன் முதற்பக்கத்தில் திதி வெண்பா இருக்கும்: ஆண்டு, மாதம், பட்சம், திதி. பிறகு வமிசம், பிறகு யார் யார் பிள்ளைகள், யார் மருமக்கள், யார் எதைச் செய்தார்கள் என்று வரும். கோணேசர் கல்வெட்டை அந்த மலர்களில் ஒன்றைப் படிப்பதுபோலப் படித்தால் அதன் அமைப்புத் துலங்குகிறது. பெயரொற்றுமை தற்செயலாக இருக்கலாம், அதை வாதமாக வைக்கவில்லை. ஆனாலும் இடிந்துபோன கோயிலுக்குத் திதி குறித்து, பிள்ளைகளுக்குப் பங்கு சொல்லும் நூல் அது.

பின்னோக்கிய தேதிக்கு முன்னோக்கிய துணை ஒன்றும் உண்டு. கோட்டை வாசல் வரிகளும் அவற்றை நிரப்பும் ஊர்ப்பாட்டும் எதிர்காலத்தில் பேசுபவை. குளக்கோட்டன் செய்த திருப்பணியைப் பின்னாளில் பறங்கி பிரிப்பான். பூனைக்கண்ணன், செங்கண்ணன், புகைக்கண்ணன் என்று மூன்று விதக் கண்காரர்கள் ஆண்டு போவார்கள். அதற்குப் பின் வடுகு. எந்தக் கண் எந்த நாட்டான் என்பதில் ஊருக்கு ஊர் விளக்கம் மாறும். போர்த்துக்கேயரையும் ஒல்லாந்தரையும் ஆங்கிலேயரையும் எப்படியாவது அதற்குள் அடைத்துவிடுவார்கள். இடித்தபின் எழுதி வைத்த தீர்க்கதரிசனம் என்று சிலர் சுலபமாகத் தள்ளுகிறார்கள். அவ்வளவு சுலபமில்லை. கோயிலின் வரைபடத்தோடு இந்தக் கல்லின் வாசகத்தையும் த சா லிஸ்பனுக்கு அனுப்பினான். அங்கே அசூடா நூலகத்தில் அந்தப் படி இருக்கிறது. எழுத்தமைதியைக் கொண்டு கல் பதினாறாம் நூற்றாண்டை ஒட்டியது என்று கல்வெட்டறிஞர் பலர் சொல்கிறார்கள். அப்படியானால் பறங்கி வருவான் என்பது இடிப்பதற்கு முன்பே கல்லில் இருந்திருக்கிறது. ஞானதிருஷ்டி தேவையில்லை. போர்த்துக்கேயர் 1505இலேயே இலங்கைக்கு வந்துவிட்டார்கள். முன்னேசுவரம் பதினாறாம் நூற்றாண்டிலேயே இடிபட்டது. கோணமலைக்கு எப்போது என்பது மட்டுமே கேள்வி. கண்ணின் நிறங்கள் பிறகு, ஒவ்வொரு கப்பலாக வர வர, ஒட்டிக்கொண்டவையாக இருக்க வேண்டும்.

எதிர்காலத்தில் சொன்னதால் ஒரு லாபம் உண்டு. எவன் வந்து ஆண்டாலும் அவன் வருகை முன்பே எழுதியாயிற்று. ஆகவே அவன் போவதும் எழுதியாயிற்று. பறங்கியின் ஆட்சி குளக்கோட்டனின் சகாப்தத்துக்குள் ஓர் அத்தியாயமாகிவிடுகிறது. யேசு சபைப் பாதிரியார் குவேரோசு இந்தக் கோயிலைக் கீழை நாட்டவரின் ரோமாபுரிக்கு ஒப்பிட்டு எழுதினார். இடித்தவர்கள் தரப்பில் இருந்து வந்த பாராட்டு அது. அவருக்கும் இந்தத் தீர்க்கதரிசனம் தெரிந்திருந்தது.

வெளியார் இந்தப் பாறைக்குத் தங்கள் காலத்தையும் கதையையும் ஒட்டாமல் விட்டதில்லை. திரேதா யுகத்து இராவணன் தாய்க்காகப் பெயர்த்த பிளவு என்று ஊரார் சொல்லும் இராவணன் வெட்டுக்கு மேலே, பிரான்சினா வான் ரீட் என்ற ஒல்லாந்தப் பெண்ணின் பெயரும் 1687 ஏப்ரல் 24 என்ற தேதியும் பொறித்த தூண் நின்றது. ஆங்கிலேயர் காலத்தில் அவள் காதலன் கப்பலேறிப் போனதைக் கண்டு குதித்துச் செத்தாள் என்று கதை எழுந்து, பாறைக்குக் காதலர் பாய்ச்சல் என்றே பெயராயிற்று. ஆனால் பதிவேடுகளில் அந்தப் பெண் பின்னொரு நாள் கலியாணம் செய்துகொண்டு உயிரோடிருக்கிறாள். கல்லில் சரியான தேதி இருந்தும் கதை தன் வழியே போயிற்று. சுற்றுலா வழிகாட்டிகளுக்கு இன்றும் குதித்த பிரான்சினாதான் வேண்டும்.

1956இல் வேறு விதமான இரண்டு பேர் வந்தார்கள். விஞ்ஞானப் புனைகதை எழுதும் ஆர்தர் சி. கிளார்க்கும் அவரது நீர்மூழ்கி நண்பர் மைக் வில்சனும். கோணமலையடியில் மூழ்கிய வில்சன் கடலடித் தரையில் தூண்களும் செதுக்கிய கற்களும் கிடக்கக் கண்டார். சுயம்பு லிங்கம் ஒன்றையும் எடுத்துக் கோயிலுக்குக் கொடுத்தார். அதற்கு ஆறாண்டு முன்பே, 1950இல், பட்டினத்தில் கிணறு வெட்டியவர்களின் மண்வெட்டியில் சோமாஸ்கந்தரும் சந்திரசேகரரும் அம்மனும் அகப்பட்டிருந்தார்கள். பறங்கி வரும் செய்தி கேட்டு எவரோ புதைத்து வைத்த வெண்கலங்கள். 1963இல் புதுக் கோயிலுக்குக் கும்பாபிடேகம் நடந்தது.

கிளார்க் அடுத்த ஆண்டே ‘தப்ரபேன் பவளப்பாறைகள்’ என்று பொருள்படும் நூலில் இந்த மூழ்கலை எழுதினார். 1979இல் வந்த அவரது ‘சொர்க்கத்தின் நீரூற்றுகள்’ நாவலில் இலங்கையை 800 கிலோமீற்றர் தெற்கே நகர்த்தி நிலநடுக்கோட்டில் வைத்தார். சிகிரியாக் காசியப்பனைக் காளிதாசன் என்று பெயர் மாற்றி, அவனுக்கு ஓர் ஆட்சிக்காலமும் அவனைச் சபிக்கும் துறவிகளின் மலையும் படைத்தார். மலையுச்சியிலிருந்து வானத்துக்கு மின்தூக்கி கட்ட வேண்டிய ஒருவருக்கு, அந்த மலையின் பழைய உரிமைக்காரர்களோடு வழக்கு வந்துவிடுகிறது. நாவலின் முதல் சிக்கலே அதுதான். கிளார்க் கோணேசர் கல்வெட்டைப் படித்தாரா என்பது எனக்கு முக்கியமாகப் படவில்லை. இந்தத் தீவில் கொஞ்சக் காலம் இருந்தவருக்குக் காலமும் காணியும் ஒரே வழக்கு என்று விளங்கிவிடும். வில்சன் இன்னும் ஒருபடி மேலே போனார். கமெராவையும் படங்களையும் விட்டுச் சந்நியாசியாகித் தமக்கு சிவ கல்கி என்று பெயர் வைத்துக்கொண்டார். கலியுகத்தை முடித்துவைக்க வருபவனின் பெயர்.

யுகக் கணக்கெல்லாம் ஏட்டோடு போயிற்று என்று நினைப்பவர்களுக்கு அரை மணி நேரத்தின் கதை ஒன்று உண்டு. 1996 மே மாதம் மின்சாரம் மிச்சம் பிடிக்க இலங்கை அரசு கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன் தள்ளியது. ஒக்டோபரில் அரை மணி பின் வாங்கிற்று. புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதிகள் இரண்டையும் ஏற்கவில்லை. பழைய நேரத்திலேயே இருந்தார்கள். திருகோணமலையில் இந்தக் கோடு கொட்டியாரக் குடாவின் தென்கரையில் ஓடிற்று. பட்டினத்தில் படகேறி மூதூரில் இறங்குமட்டும் புது நேரம். கட்டைபறிச்சான் சோதனைச் சாவடியைக் கடந்து சம்பூருக்குள் போனால் அரை மணி பின்னால். பள்ளிக்கூட மணிக்கும் கலியாண முகூர்த்தத்துக்கும் ‘பழைய நேரமா, புது நேரமா?’ என்று கேட்டுக்கொண்டார்கள். பஞ்சாங்கம் பழைய நேரத்தையே சொன்னதால் கோயில்காரர் பலருக்கு இரண்டு கணக்கும் வேண்டியிருந்தது. கோணேசர் மலையில் நின்றால் தெற்கே தெரியும் அந்தக் கரை பத்து ஆண்டுகளாக வேறொரு நேரத்தில் இருந்தது.

2006 ஏப்ரல் 15 நள்ளிரவில், சித்திரைப் புத்தாண்டு கழிந்த கையோடு, அரசாங்கம் கடிகாரத்தைப் பழைய நேரத்துக்கே திருப்பிற்று. குடாவின் இரு கரைகளும் ஒரே நேரத்துக்கு வந்தன. பத்தாம் நாள், ஏப்ரல் 25 மாலை, சம்பூர்ப் பக்கம் குண்டுகள் விழத் தொடங்கின. சனங்கள் கையில் அகப்பட்டதோடு ஓடினார்கள். செப்டெம்பரில் சம்பூர் இராணுவத்தின் கைக்கு வந்தது. ஊர் உயர் பாதுகாப்பு வலயமாயிற்று, பிறகு அதன் ஒரு பகுதி தொழிற்பேட்டைக்கென்று ஒதுக்கப்பட்டது. முகாம்களிலும் உறவினர் வளவுகளிலும் ஒன்பது ஆண்டு போயிற்று. 2015இல் 818 ஏக்கரை விடுவிப்பதாக அறிவித்தபோது எல்லைக்கல் இருந்த இடமெல்லாம் பற்றைக் காடு. எது யாருடைய வளவு என்று காட்டக் கிணறுகளையும் மரங்களையும் தேட வேண்டியிருந்தது. அடையாளம் காட்ட வந்தவர்களில் சிலரிடம் பொலித்தீன் பையில் சுற்றிய உறுதிகள் இருந்தன. பலரிடம் அதுவும் இல்லை. அவர்கள் பாட்டன் பெயரிலிருந்து தொடங்கினார்கள்.